வடிதட்டும் கபாலமும்: பகடி மதங்கள் பற்றிச் சில குறிப்புகள்

1

2011ஆம் ஆண்டு ஆஸ்திரியாவில் நிகோ ஆல்ம் என்பவருக்கு ஓட்டுநர் உரிமம் கிடைத்தது. உரிமத்தில் ஒட்டியிருந்த புகைப்படத்தில் அவர் தலையில் ஒரு வடிதட்டைக் கவிழ்த்திருந்தார். வடிதட்டு என்றால் நிஜமாகவே வடிதட்டுதான். பாஸ்டாவை வேகவைத்துத் தண்ணீர் வடிக்கிற, கண் கண்ணாக ஓட்டை போட்ட பாத்திரம். கேட்டதற்கு, இது என் மதத்தின் தலையணி என்று சொல்லியிருந்தார். மதக் காரணம் இருந்தாலொழியப் புகைப்படத்தில் தலையை மூடக்கூடாது என்பது அங்கே விதி. மூன்று வருடம் இழுத்தடித்தார்கள். வண்டி ஓட்டுகிற மனநிலையில் இருக்கிறாரா என்று பரிசோதனைக்கும் அனுப்பினார்கள். கடைசியில் கொடுத்துவிட்டு, முகம் முழுசாகத் தெரிகிறது, அதனால் கொடுத்தோம். மதத்துக்காகக் கொடுக்கவில்லை என்று விளக்கம் சொன்னார்கள்.

முதலில் இதைப் படித்தபோது வாய்விட்டுச் சிரித்தேன். பிறகு யோசிக்கையில் சிரிப்பு அடங்கிவிட்டது. 'நீ நம்புகிறாயா, நக்கலடிக்கிறாயா?' என்ற ஒரு கேள்வியைத்தான் அந்த அலுவலகம் மூன்று வருடம் கையில் வைத்துக்கொண்டு தவித்திருக்கிறது. அந்தக் கேள்வியை யார், யாரைப் பார்த்து, எந்த இடத்தில் கேட்கிறார்கள் என்பதைத்தான் இங்கே பார்க்க விரும்புகிறேன். நம்பிக்கைக்கும் நக்கலுக்கும் நடுவே ஒரு கோடு இருப்பதாக நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். அந்தக் கோடு மனிதர்களின் மனசுக்குள் இல்லை, வேறெங்கோ இருக்கிறது என்பது என் வாதம்.

ஆல்மின் மதம் பிறந்தது 2005இல். அமெரிக்காவின் கான்ஸாஸ் மாநிலக் கல்வி வாரியம், அறிவியல் பாடத்தில் டார்வினின் பரிணாமக் கொள்கைக்குப் பக்கத்தில் 'அறிவார்ந்த வடிவமைப்பு' என்ற கருத்துக்கும் வழிவிடலாமா என்று விவாதித்துக்கொண்டிருந்தது. உயிர்களை யாரோ ஓர் அறிவாளி திட்டமிட்டு வடிவமைத்திருக்கிறார் என்பது அந்தக் கருத்து. அந்த 'யாரோ' யார் என்பதை மட்டும் அது சொல்லாது. பாபி ஹெண்டர்சன் என்ற இயற்பியல் பட்டதாரி வாரியத்துக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். பிரபஞ்சத்தைப் படைத்தது பறக்கும் ஸ்பாகெட்டிப் பூதம் என்று நாங்கள் நம்புகிறோம். எங்கள் கொள்கைக்கும் வகுப்பில் சமநேரம் கொடுங்கள், இல்லாவிட்டால் வழக்குப் போடுவோம் என்றார். (ஸ்பாகெட்டியை நம்மூர் சேமியாவின் நீளமான அண்ணன் என்று வைத்துக்கொள்ளலாம்.) கடற்கொள்ளையர்கள் குறையக் குறையப் பூமியின் வெப்பம் ஏறிவந்திருக்கிறது என்று வரைபடம் வேறு போட்டுக் காட்டினார்.

இந்தக் கடிதத்தின் இலக்கணம் எளிமையானது. எதிராளியின் வாக்கியத்தை அப்படியே எடுத்துக்கொள்கிறது. எழுவாயை மட்டும் மாற்றுகிறது. பயனிலை, செயப்படுபொருள், தர்க்கம் எதையும் தொடுவதில்லை. பகடி என்பதே இதுதான் என்று தோன்றுகிறது. ஆனால் வாக்கிய அமைப்பைத் தொடாமல் விட்டதால் அந்த அமைப்பு உயிரோடுதான் இருக்கிறது. வாரியம் 2005 நவம்பரில் தன் பாடத்திட்டத்தை நிறைவேற்றிக்கொண்டது. தேர்தலில் உறுப்பினர்கள் மாறிய பிறகு 2007இல் அது நீக்கப்பட்டது. நீக்கியது ஓட்டு, நக்கல் அல்ல.

பூதம் கடிதத்தோடு நிற்கவில்லை. 2006இல் அதற்கு ஒரு சுவிசேஷம் வந்தது. 2015இல் நியூசிலாந்து அரசு அந்தச் சபைக்குத் திருமணம் நடத்திவைக்கும் அதிகாரத்தைக் கொடுத்தது. 2016இல் படகில், கடற்கொள்ளையர் வேஷத்தில் முதல் திருமணம் நடந்தது. அந்தத் திருமணம் பகடியா? சட்டப்படி அவர்கள் கணவன் மனைவி. பிரிய வேண்டுமென்றால் நிஜ கோர்ட்டுக்குத்தான் போயாக வேண்டும்.

2

கோர்ட்டுகள் என்ன சொல்லியிருக்கின்றன என்பது சுவாரசியமானது. அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1944இல் பல்லார்ட் வழக்கில் ஒரு கோடு கிழித்தது. ஒருவருடைய மத நம்பிக்கை உண்மையா பொய்யா என்று நீதிமன்றம் விசாரிக்கக்கூடாது. அவர் மனமார நம்புகிறாரா என்பதை மட்டும் விசாரிக்கலாம். பெருந்தன்மையான ஏற்பாடு போலத் தெரிகிறது. ஆனால் அதே வழக்கில் நீதிபதி ஜாக்சன் மாறுபட்டு எழுதினார். நம்பக்கூடிய விஷயமா என்று பார்க்காமல் ஒருவர் நம்புகிறாரா என்று மட்டும் எப்படிப் பிரித்துப் பார்ப்பது என்பது அவருடைய கேள்வி. அந்தக் கேள்விக்கு இன்றுவரை சரியான பதில் இல்லை.

2016இல் நெப்ராஸ்கா சிறையில் இருந்த ஒரு கைதி, பூத மதத்தின் வேஷத்தையும் வழிபாட்டு வசதியையும் கேட்டு வழக்குப் போட்டார். இது மதம் அல்ல, மதத்தைப் பற்றிய பகடி என்று நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. இதை ஒப்புக்கொண்டால் வானெகட், ஹெய்ன்லைன் நாவல்களைப் புனித நூல் என்று சொல்லிக்கொண்டும் ஆட்கள் வரலாமே என்று தீர்ப்பு கவலைப்பட்டது. வேடிக்கை என்னவென்றால், ஹெய்ன்லைனின் 1961ஆம் வருட நாவல் ஒன்றிலிருந்து அமெரிக்காவில் நிஜமாகவே ஒரு சபை பிறந்து, 1968இல் பதிவும் ஆகியிருக்கிறது. 2018இல் நெதர்லாந்தின் உயர் நிர்வாக நீதிமன்றம், பூத மதத்தில் போதிய சிரத்தையும் ஒத்திசைவும் இல்லை என்றது. 2021இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றமும் அந்த வழக்கை ஏற்க மறுத்தது.

ஆக, மதமாவதற்குச் சிரத்தை வேண்டும். சிரித்தால் அது மதமில்லை. இந்தத் தீர்ப்புகள் அந்தந்த வழக்கில் சரியாகவே இருக்கலாம். ஆனால் 'சிரத்தை' என்ற அளவுகோல் யார் கையில் இருக்கிறது என்று கேட்க வேண்டியிருக்கிறது. பூத மதத்தார் தங்களைப் 'பாஸ்டஃபேரியர்' என்று அழைத்துக்கொள்கிறார்கள். ஜமைக்காவின் ஏழைக் கறுப்பின மக்களுடைய ரஸ்தஃபாரி மதத்தின் பெயரை வைத்துச் செய்த சொல்விளையாட்டு அது. 1930இல் எத்தியோப்பியாவில் முடிசூடிய ஹைலே செலாஸியைத் தெய்வம் என்று கொண்டாடியவர்கள் ரஸ்தஃபாரிகள். மேட்டுக்குடி ஜமைக்காவின் கண்ணுக்கு அந்த மதமும் அந்தக் காலத்தில் கோமாளித்தனம்தான். கோமாளித்தனம் என்று சிரித்துவிட்டு விட்டுவிடவில்லை. 1963இல் கோரல் கார்டன்ஸ் சம்பவத்தில் போலீசும் ராணுவமும் அவர்களை வேட்டையாடின; பிடித்து அடைத்தன, சடைமுடியை அறுத்தன. 2017இல்தான் ஜமைக்கப் பிரதமர் மன்னிப்புக் கேட்டார். வடிதட்டுக்காரரை மனநிலைப் பரிசோதனைக்கு அனுப்புகிறார்கள். சடைமுடிக்காரரைச் சிறைக்கு அனுப்பினார்கள். 'இவர்கள் நிஜமாகத்தான் நம்புகிறார்களா' என்ற கேள்வி எல்லோர் மேலும் ஒரே எடையில் விழுவதில்லை.

3

இப்போது கேள்வியைத் திருப்பிப் போடலாம். சிரிப்பில் ஆரம்பித்தவனுக்கே சிரத்தை வந்துவிட்டால்?

1950களின் கடைசியில் கலிபோர்னியாவில் கிரெக் ஹில், கெர்ரி தார்ன்லி என்ற இரண்டு இளைஞர்கள் ஒரு மதத்தைக் கண்டுபிடித்தார்கள். தெய்வம் ஏரிஸ், கிரேக்கப் புராணத்தில் பொன் ஆப்பிளை விட்டெறிந்து கலகத்தை மூட்டிய தேவதை. பிரபஞ்சத்தின் அடிப்படை ஒழுங்கு அல்ல, குழப்பம் என்பது கொள்கை. 1960களில் அவர்கள் தயாரித்த 'பிரின்ஸிபியா டிஸ்கார்டியா' என்ற மறைநூலின் முதல் படிகளை நியூ ஆர்லியன்ஸ் மாவட்ட அரசு வழக்கறிஞர் அலுவலகத்து ஜெராக்ஸ் மெஷினில் திருட்டுத்தனமாக எடுத்தார்கள் என்பது அவர்களே பரப்பிய கதை. இந்த மதத்தில் எல்லோரும் போப்பாண்டவர். கட்டளைகளில் ஒன்று, படிப்பதை நம்பக்கூடாது என்பது. அந்தக் கட்டளையையும் படித்துத்தானே தெரிந்துகொள்ள வேண்டும்! தன்னையே அழித்துக்கொள்ளும் பிரதி என்று நம் விமர்சகர்கள் கொண்டாடக்கூடிய சமாச்சாரம்.

தார்ன்லியின் வாழ்க்கை அப்படிக் கொண்டாடும்படியாக இல்லை. 1959இல் அவர் கடற்படைக் காலாட்படையில் இருந்தபோது அங்கே அவருக்குப் பழக்கமான ஒருவன் லீ ஹார்வி ஆஸ்வால்ட். ஆஸ்வால்ட் சோவியத் ஒன்றியத்துக்கு ஓடிப்போனதும் அவனை வைத்து ஒரு நாவல் எழுதினார் தார்ன்லி. கென்னடி கொல்லப்படும் முன்பே அவனைப் பற்றி நாவல் எழுதிய ஒரே ஆள் என்று அவரைச் சொல்கிறார்கள். 1963இல் கென்னடி சுடப்பட்டார். 1964இல் தார்ன்லி வாரன் கமிஷன் முன் சாட்சி சொன்னார். 1968இல் நியூ ஆர்லியன்ஸ் அரசு வழக்கறிஞர் ஜிம் காரிசன், ஜெராக்ஸ் கதையில் வருகிற அதே அலுவலகத்துக்காரர், தார்ன்லி மேல் பொய்ச்சாட்சி வழக்குப் போட்டார். அந்த வழக்கு பிறகு கைவிடப்பட்டது.

இந்தக் காலத்தில்தான் தார்ன்லியும் நண்பர் ராபர்ட் ஆன்டன் வில்சனும் ஒரு விளையாட்டை ஆரம்பித்தார்கள். 1776இல் பவேரியாவில் தோன்றிச் சீக்கிரமே தடைசெய்யப்பட்ட 'இல்லுமினாட்டி' என்ற ரகசியச் சங்கம் இன்னும் உலகத்தை ஆட்டிவைக்கிறது என்று பத்திரிகைகளுக்குக் கடிதங்கள் எழுதிப்போட்டார்கள். சதிக் கதைகளை நம்புகிறவர்களை இன்னும் பெரிய சதிக் கதையால் குழப்பி, எதையுமே நம்ப முடியாத நிலைக்குக் கொண்டுபோய்த் தெளியவைப்பது என்பது திட்டம். வில்சனும் ராபர்ட் ஷேயும் 1975இல் இதை வைத்து நாவல் வரிசையும் எழுதினார்கள்.

யாரும் தெளியவில்லை. 1970களில் தார்ன்லியே தான் ஒரு சதியின் பகுதி என்று நம்பத் தொடங்கினார். நியூ ஆர்லியன்ஸில் தன்னோடு உட்கார்ந்து அரட்டையடித்தவர்கள் கொலைத்திட்டக்காரர்கள். தன்னை அறியாமலேயே தன்னைப் பயன்படுத்தினார்கள். தன் பிறப்பே ஒரு ரகசியப் பரிசோதனை என்றெல்லாம். 1998இல் அட்லாண்டாவில் இறக்கும்வரை அந்த வலையிலிருந்து அவர் முழுசாக வெளியே வந்ததாகத் தெரியவில்லை. இதெல்லாம் நிஜமாகும் என்று முன்னாலேயே தெரிந்திருந்தால் ஏரிஸுக்குப் பதிலாக வீனஸைத் தெய்வமாக எடுத்திருப்பேன் என்று அவர் சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. காதல் தேவதையை வைத்திருந்தால் வாழ்க்கை நன்றாக இருந்திருக்கும் என்ற பொருளில். சிரிப்பு வருகிறது, சிரிக்கத்தான் முடியவில்லை.

தார்ன்லிக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது என்று சொல்லிக் கடந்துபோகலாம். ஆனால் அதே இல்லுமினாட்டிக் கதை இன்று எத்தனை பேர் வாயில் புரள்கிறது! நம்மூர் டீக்கடையில் உட்கார்ந்து, உலகத்தையே இல்லுமினாட்டிதான் நடத்துகிறது என்று சத்தியம் செய்கிற இளைஞர்களை நானே பார்த்திருக்கிறேன். அந்தக் கதை தார்ன்லி பிறப்பதற்கு நூற்றைம்பது வருடத்துக்கு முன்பிருந்தே ஐரோப்பாவில் உலாவியது உண்மைதான். ஆனால் நக்கல் அதைக் கொல்லவில்லை, அதற்குப் புதுச் சட்டை தைத்துக் கொடுத்தது. மண்டியிட்டு உதடுகளை அசைத்தால் நம்பிக்கை தானாக வரும் என்ற பாஸ்கலின் கருத்தை அல்துஸ்ஸர் 1970ஆம் வருடக் கட்டுரையில் எடுத்தாள்கிறார். நம்பிக்கையிலிருந்து சடங்கு பிறப்பதில்லை, சடங்கிலிருந்துதான் நம்பிக்கை பிறக்கிறது என்று பொருள். இதோடு நான் ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன்: சிரித்துக்கொண்டே மண்டியிட்டாலும் முழங்கால் மடங்கத்தான் செய்கிறது.

4

இங்கே என் படிப்புக்கு வந்தாக வேண்டும். எம்.ஏ. தமிழில் பல்லவர் காலம் என்றால் எங்களுக்குப் பக்தி இயக்கம்தான். மகேந்திரவர்மன் எழுதிய 'மத்தவிலாசப் பிரகசனம்' வடமொழி நாடகம் என்பதால் ஒற்றை வரிக் குறிப்பாக வந்து போனது. பிறகு தனியாகப் படித்தபோது திகைத்துவிட்டேன். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ஆட்சியில் இருக்கும் அரசன் ஒருவன், தன் தலைநகரத்துத் துறவிகளை வைத்து இப்படி ஒரு கூத்தடித்திருக்கிறான்.

கதை இவ்வளவுதான். சத்தியசோமன் என்ற காபாலிகனும் அவன் துணைவி தேவசோமையும் குடித்துவிட்டுக் காஞ்சித் தெருவில் தள்ளாடுகிறார்கள். கள்ளுக்கடை அவன் கண்ணுக்கு வேள்விச்சாலையாகத் தெரிகிறது; குடிகாரர்கள் வேள்வி செய்யும் பிராமணர்களாகத் தெரிகிறார்கள். திடீரென்று பார்த்தால் பிச்சைப் பாத்திரமான கபாலத்தைக் காணோம். அதில் வறுத்த இறைச்சி இருந்ததால் எடுத்தது நாயாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் புத்த பிட்சுவாக இருக்க வேண்டும். அந்த வழியாக வருகிறான் நாகசேனன் என்ற பிட்சு. நல்ல சாப்பாட்டையும் மெத்தையையும் அனுமதித்த கருணாமூர்த்தியான புத்தர், பெண்ணையும் மதுவையும் மட்டுமா தடுத்திருப்பார். பொறாமை பிடித்த கிழட்டுப் பிட்சுக்கள் மூலப்பிரதியிலிருந்து அந்தப் பகுதியை வெட்டியிருப்பார்கள் என்று யோசித்துக்கொண்டே வருகிறான். (மூலப்பிரதியைத் தேடி அலைந்த முதல் பாட விமர்சகன் இவன்தான் போல!) சண்டை முற்றுகிறது. வழக்குமன்றத்துக்குப் போகலாம் என்றால், பல விகாரைகளின் வருமானம் வைத்திருப்பவன் அதிகாரிகளின் வாயை அடைத்துவிடுவான், நம்மிடம் என்ன இருக்கிறது என்கிறாள் தேவசோமை. கடைசியில் ஒரு பைத்தியக்காரன் நாயிடமிருந்து பிடுங்கிய கபாலத்தோடு வருகிறான்.

இந்தச் சிரிப்பின் திசையைக் கவனிக்க வேண்டும். ஹெண்டர்சன் கீழேயிருந்து அரசு வாரியத்தைப் பார்த்துச் சிரித்தார். மகேந்திரவர்மன் சிங்காசனத்தில் உட்கார்ந்து பிச்சையெடுப்பவர்களைப் பார்த்துச் சிரிக்கிறான். அதே மகேந்திரவர்மன் மண்டகப்பட்டில், செங்கலும் மரமும் உலோகமும் சுதையும் இல்லாமல் மும்மூர்த்திகளுக்குக் கோவில் குடைந்ததாகக் கல்வெட்டில் பெருமைப்பட்டுக்கொள்கிறான். காபாலிகனை நக்கலடிக்கும் நாடகத்தின் தொடக்கச் செய்யுளே கபாலம் ஏந்திய சிவனைத்தான் வாழ்த்துகிறது. நம்பினானா, நக்கலடித்தானா? இரண்டும்தான். அவனுக்கு அது ஒரு முரண்பாடாகவே தோன்றியிருக்காது.

இதற்குப் பிறகு நடந்ததுதான் முக்கியம். மகேந்திரவர்மன் காலத்துக்குச் சற்றுப் பின்னால், 640 வாக்கில் காஞ்சிக்கு வந்த சீனப் பயணி யுவான் சுவாங், நூறு விகாரைகளும் பத்தாயிரம் பிட்சுக்களும் இருந்ததாக எழுதுகிறார். நாளடைவில் அவர்கள் இல்லாமல் போனார்கள். காபாலிகர்களும் போனார்கள். நாடகப் பிரதியையே தமிழகம் தொலைத்துவிட்டது. 1917இல் த. கணபதி சாஸ்திரி திருவனந்தபுரத்தில் அதை அச்சில் கொண்டுவந்தபோது, அது கேரளத்தில் சாக்கியார்களின் கூத்து மரபில் உயிரோடு இருந்தது. எப்படி? கோவிலில் நேர்த்திக்கடனாக. பிள்ளையில்லாதவர்கள் பிள்ளை வேண்டி மத்தவிலாசக் கூத்தை வழிபாடாக நேர்ந்துகொள்கிறார்கள். மேடையில் பிட்சுவின் சண்டையைவிடக் காபாலிகனின் பகுதியே மேலோங்கி நிற்கிறது. அவன் ஏன் கபாலம் ஏந்தினான் என்பதற்குப் பக்தி மணக்கும் ஒரு முன்கதையும் சேர்ந்திருக்கிறது. கள்ளுக்கடையில் உளறிய குடிகாரன் குழந்தை வரம் தருகிற சிவனாக நிற்கிறான்.

கேலிக்கு ஆளானவர்கள் மறைந்த பிறகு கேலி மட்டும் மிஞ்சியது. கேலி எதைப் பற்றியது என்பது மறந்தது. மறந்த பிறகு மிஞ்சியது அசைவு, வேஷம், விளக்கு, மத்தளம். அதாவது சடங்கு. ஆயிரத்து நானூறு வருடத்தில் யாரும் யாரையும் நீ நம்புகிறாயா என்று கேட்காமலே இந்த மாற்றம் நடந்து முடிந்திருக்கிறது.

5

சின்ன வயதில் எங்கள் பக்கத்தில் திரௌபதி அம்மன் திருவிழாக் கூத்தில் கட்டியங்காரனைப் பார்த்திருக்கிறேன். துரியோதனனிலிருந்து தர்மர் வரை ஒருத்தரை விடமாட்டான். பச்சையாகப் பேசுவான், ஊர்ப் பெரிய மனிதர்களின் பெயரை நுழைத்துக் கிண்டலடிப்பான். அதே இரவில் துகில் உரியும் கட்டம் வந்ததும் கூட்டத்தில் பெண்களுக்குச் சாமி வந்துவிடும். அதே கட்டியங்காரன் கற்பூரத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு நிற்பான். இவன் முன்னே சிரித்தது பொய்யா, இப்போது கும்பிடுவது பொய்யா என்று யாரும் கேட்டதில்லை.

இதை வைத்து 'நம் மரபு எவ்வளவு பரந்தது' என்று நெஞ்சை நிமிர்த்திக்கொள்ள எனக்கு விருப்பமில்லை. பக்தின் சொல்லும் களிவிழாச் சிரிப்பு இது என்று எழுதிவிட்டுப் போவதும் சுலபம். அந்த அரவணைப்பில்தான் ஆபத்தும் இருக்கிறது. மத்தவிலாசத்தைக் கோவில் அரவணைத்தபோது, தேவசோமை லஞ்சம் பற்றிச் சொன்ன வார்த்தைக்கு என்ன ஆனது? நிறுவனம் தன்னைக் கேலி செய்தவனைத் தண்டிக்கத் தேவையில்லை. மாலை போட்டு உள்ளே கூப்பிட்டால் போதும். கான்ஸாஸ் கடிதம் புத்தகமாகி, வேஷமாகி, திருமணமானதும் இதே வழிதான்.

எனவே நான் வந்து சேர்ந்திருக்கும் இடம் இது. நம்பிக்கையா நக்கலா என்பது காவல்நிலையக் கேள்வி. அதற்குப் பதில் தேடி மனிதர்களின் மனசைக் குடைவதில் பயனில்லை. தார்ன்லிக்கே தன் மனசில் எது எது என்று தெரியவில்லை. விமர்சகன் கேட்க வேண்டிய கேள்விகள் வேறு: சிரிப்பு மேலே போகிறதா, கீழே இறங்குகிறதா? சிரித்து முடித்த பிறகு எந்த வாக்கியம் உயிரோடு மிஞ்சுகிறது? காலியாகிற பீடத்தில் யார் ஏறி உட்காருகிறார்கள்?

பகுத்தறிவுக் குடும்பத்தில் வளர்ந்தவன் என்ற முறையில் இதை எழுதுவது எனக்குக் கொஞ்சம் கசப்பாகத்தான் இருக்கிறது. வாய்விட்டுச் சிரித்தால் பீடம் ஆடிவிடும் என்று நம்பித்தான் நான் வளர்ந்தேன். பீடம் ஆடத்தான் செய்கிறது. ஆனால் அதை அங்கிருந்து எடுத்துப் போடுவதற்குச் சிரிப்பு போதாது, கைகள் வேண்டும். கான்ஸாஸில் ஓட்டுப் போட்ட கைகளைப் போல.